மலரின் ஊருக்கு நான் போன காலை

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பேய், பிசாசு, நாவூறு, சூனியம் எதையும் நம்பிய ஆள் இல்லை நான். உயர்தரத்தில் விலங்கியல் படித்தவள். எங்கள் ஒழுங்கையில் ஒரு பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தால் போதும், செத்தல் மிளகாயும் உப்பும், யார் கண் பட்டதென்று நினைக்கிறார்களோ அவருடைய காலடி மண்ணும் எடுத்து, பிள்ளையைச் சுற்றி அடுப்பில் போடுவார்கள். மிளகாய் நெடி மூக்கில் ஏறினால் ஒன்றுமில்லை, நெடியே வராவிட்டால் பொல்லாத நாவூறு என்பார்கள், நான் பக்கத்தில் நின்று பகிடி பண்ணுவேன். இப்போது நீங்களும் சிரிக்கத்தான் போகிறீர்கள். சிரியுங்கள், ஆனால் முழுக்கக் கேட்டுவிட்டுச் சிரியுங்கள்.

எண்பதுகளின் நடுப்பகுதி. நானும் என் மனிசன் யோகநாதனும் சுவிஸுக்கு அகதிகளாக வந்து, விசாரணை முடிவு வராமல் காத்திருந்த காலம். அவருக்கு பீல் என்ற நகரத்தில் ஒரு உணவகத்தின் குசினியில் வேலை. எனக்கு நகரத்துக்கு வெளியே, பெரிய சதுப்பு என்று சொல்கிற வெளியில் ஒரு மரக்கறித் தோட்டத்தில் வேலை. தோட்டத்துச் சாமான்கள் வைக்கிற கட்டடத்துக்கு மேலே எங்களுக்கு ஒரு அறையும் சின்னக் குசினியும் தந்திருந்தார்கள். அவர் விடிய ரயிலில் போய்விடுவார், நான் ரப்பர் சப்பாத்தை மாட்டிக்கொண்டு, தலையில் சீலைத்துண்டைக் கட்டிக்கொண்டு, வெங்காயத்தாள் மாதிரி இருக்கிற லீக்ஸ் வெட்டப் போவேன். அந்த மண் கறுப்பு என்றால் அப்படி ஒரு கறுப்பு. ஒருகாலத்தில் முழுக்கச் சேற்று நிலமாம், ஆற்றையே வெட்டித் திருப்பி, வாய்க்கால் போட்டு வயலாக்கினார்களாம், தோட்டக்காரரின் மனிசி எனக்குக் கையாலும் வாயாலும் விளங்கப்படுத்தினா. இதை நான் ஆசையாக வீட்டில் வந்து சொன்னேன். என் மனிசன் 'ம்' என்றார்.

ஏனென்றால் அவருடைய காது வேறு ஒரு ஊரில் இருந்தது.

அவருக்கு ஒரு மச்சாள் இருந்தா, மாமியின் மகள், தவமலர். எல்லோருக்கும் மலர். சின்ன வயதிலேயே இவருக்கு அவ என்று பேசி வைத்திருந்தார்களாம். பிறகு ஒரு டொக்டர் மாப்பிள்ளை வந்தார், மாமா பேச்சை மாற்றிவிட்டார், அதற்குப் பிறகுதான் நான். "அது அந்தக் காலத்துச் சின்னப்பிள்ளைக் கதையப்பா" என்று இவர் சொல்வார். இருக்கட்டும். அந்த டொக்டருக்கு அவுஸ்திரேலியாவில் வேலை கிடைத்தது, பெரிய நகரத்தில் இல்லை, அங்கத்தைய டொக்டர்மார் ஒருவரும் போக விரும்பாத ஒரு கமக்கார ஊரில். கண்ணுக்கெட்டிய தூரத்துக்குக் கோதுமை, சுற்றுவட்டாரத்தில் ஒரு தமிழ் முகம் இல்லை. அங்கிருந்துதான் மலர் கசற் அனுப்பத் தொடங்கினா.

அந்த நாளில் எங்கள் சனத்துக்கு அது ஒரு பழக்கம். போனில் கதைத்தால் சம்பளம் போய்விடும், எழுதப் பஞ்சி, ஆகவே கசற்றில் கதைத்துத் தபாலில் அனுப்புவார்கள், கேட்டுவிட்டு அதே கசற்றில் நாங்கள் பதிலைக் கதைத்து அனுப்ப வேண்டும். எல்லாரும் சுகம் கேட்பார்கள், யார் செத்தது, யார் கலியாணம் என்று சொல்வார்கள். மலர் அப்படி இல்லை. மலர் ஊரைச் சொல்லுவா. ஊரின் பெயரை மட்டும் எனக்கு இன்றைக்கும் வாயில் கொண்டுவர முடியாது, அந்த நிலத்துப் பழைய சனத்தின் மொழியில் தண்ணீர் கிடக்கிற இடம் என்று அர்த்தமாம், வருசத்தில் பாதி நாள் அங்கே தண்ணீரே இல்லை. அந்தப் பழைய சனத்தை எங்கே கலைத்தார்கள் என்று கேட்டால் ஒருத்தரும் வாய் திறப்பதில்லையாம். பிறகு ஆட்டுக்காரர் வந்து வேலி போட்டது, பிறகு ரயில் வந்தது, முதலாம் உலக யுத்தம் முடிந்து வந்த ஆமிக்காரருக்குத் துண்டு துண்டாகக் காணி கொடுத்தது, அவர்கள் காட்டை வெட்டிப் பற்றை எரித்துக் கோதுமை விதைத்தது, மழை பொய்த்து மண் எழும்பிப் பறந்து பாதிப்பேர் வீட்டை விட்டுவிட்டுப் போனது, மிஞ்சினவர்களின் பேரப்பிள்ளைகள்தான் இப்போது மலரின் அயலட்டை. எல்லாவற்றையும் மலர் 'எங்கட ஊர்' என்றுதான் சொல்லுவா. எங்கட சைலோ, எங்கட மண்டபம், எங்கட தெரு. போய் இரண்டு வருசம்கூட இல்லை.

எனக்கு வயிறு எரிந்தது. மறைக்க மாட்டேன். எனக்கு அப்போது எங்கட என்று சொல்ல ஒன்றும் இல்லை, ஒரு கோப்பையும் கரண்டியும் தவிர. பிள்ளையும் இல்லை.

இவர் என்ன செய்வார் தெரியுமா, வேலையால் வந்து சாப்பிட்டு முடித்ததும் கசற்றைப் போட்டுவிட்டு, மேசையில் அந்த ஊரைக் கட்டுவார். உண்மையாக. உப்புப் பேணிதான் சைலோ, கோதுமை கொட்டி வைக்கிற அந்த உயரமான கொங்கிறீட் களஞ்சியம். மேசைக்கத்திதான் ரயில் பாதை. மூன்று கரண்டிகளை வைத்து மூன்று தெரு சந்திக்கிற இடம். நெருப்புப்பெட்டி கடை, தேத்தண்ணிக் கோப்பை ஆஸ்பத்திரி.

"இஞ்ச பாரும் ரஞ்சி, இதால கோதுமை லொறி வரும், இதில திரும்பும்" என்று எனக்குக் காட்டுவார்.

"அப்ப மச்சாள் எங்க இருக்கிறா, சீனிப் போத்திலுக்கையோ?" என்று கேட்டேன்.

மனிசனுக்கு நக்கல் விளங்கவேயில்லை. "ஓம், அவையின்ர வீடு சைலோவுக்குக் கிட்டத்தான்" என்று சீனிப் போத்திலை எடுத்து உப்புப் பேணிக்குப் பக்கத்தில் வைத்தார். நான் நாள் முழுக்க நிற்கிற வயலில் வாய்க்கால் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று அந்த மனிசன் ஒருநாள் என்னைக் கேட்டதில்லை. உந்தக் கண்டறியாத ஊரில் எந்த வீட்டுக்கு முன்னால் எலுமிச்சை மரம் நிற்கிறது என்றுகூட அவருக்குத் தெரியும்.

கார்த்திகை மாதம் ஒரு கசற் வந்தது. அங்கே அப்போது கோதுமை வெட்டுகிற காலம், இரவு பகலாக லொறிகள் சைலோவுக்கு வருகிற இரைச்சல் பின்னால் கேட்டது. கடைசியில் மலர் தன் மகனைக் கதைக்க விட்டிருந்தா. கண்ணன், நாலு வயது. "யோகன் மாமா, எப்ப எங்கட ஊருக்கு வருவீங்கள்?" என்று அந்தப் பிள்ளை மழலையில் கேட்டது. நான் திரும்பிப் பார்த்தேன், இவருடைய கண்ணிலிருந்து தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. எனக்குப் பிள்ளை தங்காமல் போனபோது அழாத மனிசன். அன்றைக்குப் பிறகு நானாக அவருடன் கதைக்கவில்லை, அவர் அதைக் கவனிக்கவுமில்லை, அதுதான் எனக்கு இன்னும் கொதித்தது.

அந்தக் கிழமையில் ஒரு நாள் காலை. சதுப்பில் கார்த்திகை என்றால் புகார், மூடுபனி, முன்னால் நிற்கிறவரின் முதுகு தெரியாது. ஒன்பது மணிக்குத் தோட்டக்காரரின் மனிசி மணியை அடிப்பா, ஸ்நூனி என்று அந்த இடைவேளைக்குப் பெயர், கோப்பியும் பாணும் சீஸும். மற்ற வேலைக்காரர் எல்லாம் கத்தியைப் போட்டுவிட்டுப் போனார்கள். மரீயா என்று என்னோடு வேலை செய்த போர்த்துக்கல்காரி என்னையும் கூப்பிட்டாள். நான் போகவில்லை. எனக்கு ஒருவருடைய முகத்தையும் பார்க்கப் பிடிக்கவில்லை. வரம்பில் இறங்கி, வாய்க்கால் பக்கமாக, கோபத்தில் விறுவிறு என்று நடந்தேன், நடந்தேன், வாய்க்கால் வந்திருக்க வேண்டும், வரவில்லை.

நம்பினால் நம்புங்கள், விட்டால் விடுங்கள். முதலில் மாறியது காலுக்குக் கீழே. சதக் சதக் என்று கேட்ட சத்தம் நின்று, சருகு முறிகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. குனிந்து பார்த்தேன், வெட்டி முடித்த கோதுமைத் தாள், அதற்குள் செங்கல் தூள் மாதிரிச் சிவப்பு மண். பிறகு சூடு. பிறகு ஈக்கள், முகத்தில், கண் ஓரத்தில். புகார் கலைந்தது என்று சொல்ல முடியாது, நான் அதற்கு வெளியே வந்துவிட்டேன், அவ்வளவுதான். சாய்ந்த வெயில், மஞ்சள் வெயில், சாயந்தர வெயில். முன்னால் அந்தச் சைலோ நின்றது. எங்கள் ஊர்க் கோயில் கோபுரத்தை விட உயரம், ஒரு யன்னல் இல்லை. பக்கத்தால் ரயில் பாதை போனது. மூன்று தெரு சந்திக்கிற இடத்தில் லொறிகள் வரிசையில் நின்றன.

நான் பயப்படவேயில்லை, இப்போது நினைக்கத்தான் பயம் வருகிறது. எனக்கு எல்லாம் தெரிந்த இடமாக இருந்தது, எங்கள் மேசையில் நடக்கிற மாதிரி நடந்தேன். ஒன்றுதான் பிழையாக இருந்தது. இவர் கடையை எப்போதும் சந்திக்கு இடப்பக்கம் வைப்பார். கடை வலப்பக்கம் இருந்தது.

சைலோவுக்குப் பக்கத்து வீட்டில் எலுமிச்சை மரம், தகரத் தண்ணீர்த் தாங்கி, அதன் நிழலில் மூன்று சில்லுச் சைக்கிளில் ஒரு பிள்ளை. மஞ்சள் தொப்பி. என்னைக் கண்டதும் சைக்கிளை விட்டு இறங்கி வேலியடிக்கு வந்தது. தொப்பியைக் கழற்றியது. அந்த நெற்றி என் மனிசனுடைய நெற்றி. மாமன் மருமகன் என்றால் சாயல் இருக்கத்தான் செய்யும், எனக்குத் தெரியாதா என்ன. ஆனால் அந்த நேரத்தில் எனக்குத் தோன்றியது வேறு, இது எனக்குப் பிறந்திருக்க வேண்டிய பிள்ளை, இவள் மலர் வைத்திருக்கிறாள். அப்படிப் பார்த்தேன் அந்தப் பிள்ளையை. கண்ணை எடுக்காமல் பார்த்தேன். பார்த்துக்கொண்டே, "என்ன வடிவான பிள்ளை" என்று வாயால் சொன்னேன்.

எங்கள் ஆட்கள் ஒருவரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள். பிள்ளையை வடிவு என்று சொல்லிவிட்டு உடனே தூ தூ என்று துப்பிவிடுவார்கள், அல்லது கறுப்பி, மூக்கறையன் என்று ஏதாவது ஒரு குறையைச் சேர்த்துச் சொல்வார்கள். நான் துப்பவில்லை. மறந்தேனா, வேண்டுமென்று விட்டேனா என்று என்னைக் கேட்காதீர்கள்.

அப்போது வீட்டின் பின்கதவு படாரென்று திறந்தது. மலர் ஓடி வந்தா. கலியாணப் படத்தில் பார்த்த முகம், ஆனால் மெலிந்து, சாயம் போன வீட்டுச் சட்டையோடு, செருப்பில்லாமல் இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு கத்திக்கொண்டு வந்தா. என்னைக் கலைக்க வருகிறா என்றுதான் நான் நினைத்தேன். திரும்பினேன், எங்கோ மணிச் சத்தம் கேட்டது, தோட்டக்காரரின் மனிசி எனக்காக இரண்டாம் தரம் மணி அடிக்கிறா. காலுக்குக் கீழே சதக் என்றது. வாய்க்கால் கரையில் நின்றேன், குளிரில் பல் கிட்டியது. உள்ளே போனால் மரீயா அப்போதுதான் கோப்பியை ஊற்றிக்கொண்டிருந்தாள். என் கன்னத்தைத் தொட்டுப் பார்த்து, காய்ச்சலா என்று கேட்டாள், அவ்வளவு சூடாம்.

நான் ஒருவருக்கும் சொல்லவில்லை. விசர் என்பார்கள். அன்றிரவு இவர் மறுபடி ஊரைக் கட்டினார், நான் கடை நெருப்புப்பெட்டியை எடுத்துச் சந்திக்கு மற்றப் பக்கம் வைத்தேன். என்னை நிமிர்ந்து பார்த்தார். "ஏன் மாத்தினனீர்?" என்றார். "சும்மா" என்றேன்.

அதற்குப் பிறகு ஒரு ஞாயிறு. இரண்டு பேரும் வீட்டில். காலைத் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருக்கும்போது எனக்குத் திடீரென்று மூக்கில் மிளகாய் நெடி ஏறியது. செத்தல் மிளகாயை நெருப்பில் போட்ட நெடி, தொண்டையில் முள் இறங்கின மாதிரி. இருமினேன், இருமினேன், கண்ணால் மூக்கால் எல்லாம் தண்ணீர், மூச்சு எடுக்க முடியவில்லை, சுவரைப் பிடித்துக்கொண்டு இருந்துவிட்டேன். இவர் யன்னல் எல்லாவற்றையும் திறந்தார். "என்ன மணக்குது? ஒண்டும் மணக்கேல்லையே" என்று சுற்றிச் சுற்றிப் பார்த்தார். வீட்டில் ஒரு செத்தல் மிளகாய் கிடையாது, அந்த நாளில் அது எங்களுக்குத் தங்கம், யாராவது சூரிச் பக்கமிருந்து கொண்டுவந்தால்தான் உண்டு. கொஞ்ச நேரத்தில் வந்த மாதிரியே போய்விட்டது.

மார்கழி கடைசியில் அடுத்த கசற் வந்தது. நான் குசினியில் லீக்ஸ் அரிந்துகொண்டு நின்றேன், இவர் மேசையில் உப்புப் பேணியை வைத்துவிட்டுப் போட்டார். மலரின் குரலே வேறு மாதிரி இருந்தது. எங்கட ஊர் என்ற கதையே இல்லை. அவ சொன்னதை அப்படியே சொல்கிறேன், எனக்குப் பாடம்.

"யோகன் மச்சான், இஞ்ச ஒரு விசயம் நடந்தது, டொக்டருக்குச் சொன்னா நம்பமாட்டார், உங்களுக்குத்தான் சொல்லுறன். கோதுமை லொறி வாற நேரம், பொழுதுபடேக்க, குசினி யன்னலால பாக்கிறன், எங்கட வேலியடியில ஒரு பொம்பிளை, ரப்பர் சப்பாத்து, தலையில சீலைத்துண்டு, எங்கட ஆக்களின்ர நிறம். எனக்கு என்ன செய்யிறதெண்டு தெரியேல்லை மச்சான். கிட்டத்தட்ட ரெண்டு வருசத்துக்குப் பிறகு வேற ஒரு தமிழ் முகம். நில்லுங்கோ, நில்லுங்கோ, ஒரு தேத்தண்ணி குடிச்சிட்டுப் போங்கோ எண்டு கத்திக்கொண்டு ஓடினன். ஆள் இல்லை. கால் தடம்தான் கிடந்தது. இஞ்ச எல்லாம் சிவப்பு மண்தானே, அது கறுப்பு. ஈரம்."

அன்றிரவே கண்ணனுக்குக் காய்ச்சல் பிடித்ததாம். சாப்பாடு இல்லை, கண் திறக்கவில்லை, தகப்பன் டொக்டராக இருந்தும் ஒன்றும் கண்டுபிடிக்க முடியவில்லை, பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக ஆயத்தம் செய்தார்களாம். மலர் டொக்டர் இல்லாத நேரம் பார்த்து, ஞாயிறு பொழுதுபட்ட செக்கலுக்குள், தன் தாய் அனுப்பி மிஞ்சிக் கிடந்த மிளகாய் முழுவதையும் உப்போடும் அந்தக் கறுப்பு மண்ணோடும் சேர்த்துச் சுற்றிப் போட்டாவாம். ஒரு துளி நெடி வரவில்லையாம். பிள்ளை விடியக் கண் திறந்து பால் கேட்டதாம். அங்கே செக்கல் என்றால் இங்கே நாங்கள் காலைத் தேத்தண்ணி குடிக்கிற நேரம், அந்தக் கணக்கு எனக்கு அப்போதே ஓடிவிட்டது.

அதோடு நிறுத்தியிருக்கலாம் மலர். நிறுத்தவில்லை. "இந்த ஊரைப் பற்றி நான் உங்களுக்குச் சொல்லுறதெல்லாம் எனக்கு நானே சொல்லுறது மச்சான், சொல்லாட்டி விசர் பிடிச்சிடும், டொக்டர் வீட்டில நிக்கிறதே இல்லை. ரஞ்சி அக்கா குடுத்து வைச்சவ. வீட்டுக்குள்ள வந்து தமிழில கதைக்க உங்களை மாதிரி ஒராள் இருக்கு. எனக்கு அவவை நினைச்சா எரிச்சலாத்தான் இருக்கும்" என்று சொல்லிவிட்டு மூக்கைச் சிந்தினா. கசற் ஓடிக்கொண்டேயிருந்தது, வெறும் இரைச்சல்.

என்னை நினைத்து எரிச்சல். என்னை. நான் கத்தியைக் கையில் பிடித்தபடி நின்றேன்.

இவர் கசற்றை நிற்பாட்டினார். உப்புப் பேணியை எடுத்து இருந்த இடத்தில் வைத்தார். பிறகு, எத்தனையோ கிழமைக்குப் பிறகு முதல் தரமாக, என் முகத்தை நேராகப் பார்த்தார். நான் அதற்காகத்தானே அவ்வளவு நாளும் கிடந்து எரிந்தேன், என்னைப் பார்க்க வேண்டும் என்று. பார்த்தார்.

"அந்தப் பிள்ளைக்கு ஏன் அப்பிடிச் சொன்னனீர்?" என்று கேட்டார்.

கவனியுங்கள், அந்தப் பெண் வாய் திறந்து ஏதும் சொன்னதாக மலர் கசற்றில் ஒரு இடத்திலும் சொல்லவில்லை. நான் ஒருவருக்கும் மூச்சு விடவில்லை.

"என்ன சொன்னனான்?" என்றேன்.

"வடிவு எண்டு சொன்னனீர்" என்றார். "நான் பீலில உருளைக்கிழங்கு உரிச்சுக்கொண்டு நிண்டனான். என்ர காதடியில கேட்டது. உம்மட குரல்தான். ஆனா நீர் சொன்ன விதம்..." என்றவர் நிறுத்திவிட்டார். அதற்கு மேல் அன்றைக்கும் சொல்லவில்லை, இன்றைக்கும் சொல்லவில்லை. எத்தனை தரம் கேட்டுவிட்டேன், எந்த விதம், எப்படி இருந்தது என் குரல் என்று. எழுந்து வெளியே போய்விடுவார்.

மேசையில் ஊர் கட்டுவது அதோடு முடிந்தது. மலர் பிறகு குடும்பத்தோடு பெரிய நகரம் ஒன்றுக்கு மாறிப் போய்விட்டா. கண்ணன் இப்போது தகப்பனைப் போல டொக்டர், நல்ல சுகம், மூன்று பிள்ளைகள். பொறாமை போய்விட்டதா என்று கேட்டால், அதைக் கேட்காதீர்கள்.

எங்களுக்கும் ஒரு மகள் பிறந்தாள், அடுத்த வருசம், பீல் ஆஸ்பத்திரியில். தாதி பிள்ளையைத் துடைத்து என் நெஞ்சில் வைத்தா. நான் குனிந்து பார்த்து வாயைத் திறந்தேன், இவர் கை வந்து என் வாயைப் பொத்தியது. தாதி என்ன நினைத்தாவோ தெரியாது. எனக்குக் கோபம்கூட வரவில்லை.

மகளின் கலியாணத்தன்று, கூறை உடுத்தி, நகை எல்லாம் போட்டு, மணவறைக்குப் போக முன் வந்து என் முன்னால் நின்றாள். "எல்லாரும் சொல்லினம், நீங்கள் ஒண்டும் சொல்ல மாட்டியளோ அம்மா? பிறந்ததிலயிருந்து ஒருநாளும் நீங்கள் என்னை வடிவு எண்டு சொன்னதில்லை" என்றாள். சிரித்துக்கொண்டுதான் கேட்டாள், ஆனால் கண் சிரிக்கவில்லை. நான் அவளுக்குப் பின்னால் கதவடியில் நின்ற இவரைப் பார்த்தேன். இவர் அவளைப் பார்க்கவில்லை, என் வாயைத்தான் பார்த்துக்கொண்டு நின்றார்.

"நேரம் போகுது பிள்ளை, வெளிக்கிடு" என்று சொல்லி அவளை அனுப்பினேன்.